ஒன்றே முக்கால் ரூபாய் கடன்... 80 பிரதி... வெள்ளைக்கார அரசைத் தூங்கவிடாத திருவையாறு வாத்தியார்!

எங்க அரும்பாவூர் பக்கம் வந்தா உளிச் சத்தம்தான் முதல்ல காதுல விழும். தேர் செய்யற ஊர், சாமி சிலைகளை மரத்துல செதுக்கற ஊர். 2020-ல அரும்பாவூர் மரச்சிற்பத்துக்குப் புவிசார் குறியீடு கூட கிடைச்சுது. அங்கிருந்து பெரம்பலூர், அரியலூர்னு பஸ் மாறி தஞ்சாவூர் போறவங்களுக்குத் தெரியும், திருமானூர் தாண்டினதும் கொள்ளிடம் பாலம் வரும். பாலம் முடிஞ்சு கொஞ்ச நேரத்துல திருவையாறு. பஸ் நிக்கிற அஞ்சு நிமிஷத்துல இறங்கி ஓடி அசோகா வாங்கிட்டு வர்ற ஆட்கள் உண்டு. மத்தவங்க ஜன்னல் வழியா காவிரியைப் பார்த்துட்டு, தியாகராஜர் ஊருன்னு ஒரு வார்த்தை சொல்லிட்டு மறுபடி போனுக்குள்ள போயிடுவாங்க.

நானும் பல வருஷம் அப்படித்தான் போயிட்டிருந்தேன். இந்தியாவுல இன்னிக்கும் வந்துக்கிட்டிருக்கிற ஒரு பெரிய இங்கிலீஷ் பேப்பரை ஆரம்பிச்சவரும், தமிழோட முதல் தினசரின்னு பலரும் சொல்ற பேப்பரை நடத்தினவரும் ஒரே ஆள், அவர் இதே திருவையாறுக்காரர்னு ரொம்ப லேட்டாத்தான் தெரிஞ்சுது. பேரு ஜி.சுப்பிரமணிய ஐயர். பாரதியாரை நமக்குத் தெரியும். பாரதியாருக்கு வேலை போட்டுக் கொடுத்து சென்னைக்குக் கூட்டிட்டு வந்தவரை எத்தனை பேருக்குத் தெரியும்?

1855 ஜனவரி 19-ல பிறந்தார். அப்பா கணபதி தீட்சிதர், ஊர் முன்சீப் கோர்ட்டுல வக்கீல். வீட்டுல நிறைய பிள்ளைகள். சுப்பிரமணியன் சின்னப் பையனா இருக்கும்போதே அப்பா காலமாகிட்டார். அதுக்கப்புறம் படிப்புங்கிறது இழுத்துப் பிடிச்சு முடிக்கிற விஷயமாத்தான் இருந்திருக்கும். திருவையாறுல தொடங்கி, தஞ்சாவூர் மிஷன் காலேஜ்ல எஃப்.ஏ முடிச்சு, வாத்தியார் பயிற்சிக்காக சென்னைக்கு வந்தார். மிஷன் பள்ளிக்கூடத்துல கொஞ்ச காலம், பச்சையப்பாவுல கொஞ்ச காலம்னு பாடம் நடத்திக்கிட்டே பி.ஏ-வைத் தனியா படிச்சு 1877-ல பாஸ் பண்ணினார். அந்தக் காலத்துல பி.ஏ-ன்னா சும்மா இல்லீங்க. சர்க்கார் உத்தியோகத்துக்குப் போயிருந்தா ரிட்டயர்மென்ட் வரைக்கும் நிம்மதியா உட்கார்ந்திருக்கலாம்.

ஆனா அவர் பி.ஏ படிச்சு முடிச்ச வருஷங்கள் எப்படிப்பட்டவைன்னு பார்க்கணும். 1876-ல மழை பொய்த்தது. 1878 வரைக்கும் நீண்ட அந்தத் தாது வருஷப் பஞ்சத்துல தென்னிந்தியாவிலும் மேற்கு இந்தியாவிலும் 50 லட்சம் பேருக்கு மேல் செத்துப்போனார்கள். நம்ம மாதிரி மானாவாரி பூமியில அந்தப் பஞ்சம் என்ன பண்ணியிருக்கும்னு தனியா சொல்ல வேண்டியதில்ல. அந்தப் பஞ்சத்துக்கு நடுவுலதான், 1877 ஜனவரி 1-ம் தேதி, விக்டோரியா ராணியை இந்தியாவின் பேரரசின்னு அறிவிக்க டெல்லியில தர்பார் நடத்தினார் வைஸ்ராய் லிட்டன். அதே லிட்டன் அடுத்த வருஷம் மார்ச் மாசம், இந்திய மொழிகளில் வரும் பத்திரிகைகளின் வாயைக் கட்ட ஒரு சட்டம் கொண்டு வந்தார். இங்கிலீஷ் பத்திரிகைகளுக்கு அந்தச் சட்டம் பொருந்தாது. ஏன்னா இங்கிலீஷ் பத்திரிகைகளில் பெரும்பாலானவை வெள்ளைக்காரர்கள் கையில இருந்தது.

அதே 1878-ல இன்னொரு விஷயம் நடந்தது. சென்னை ஹைகோர்ட்டுக்கு முதல் இந்திய நீதிபதியா தி.முத்துசாமி ஐயர் நியமிக்கப்பட்டார். இவரும் தஞ்சாவூர்ப் பக்கம்தான். ஏழைக் குடும்பம், தெருவிளக்கு வெளிச்சத்துல படிச்சவர்னு சொல்வார்கள். திறமையைப் பத்தி யாரும் கேள்வி கேட்க முடியாது. ஆனா வெள்ளைக்காரர்கள் நடத்தின சென்னைப் பத்திரிகைகள் ஒரு கறுப்பு மனுஷன் அந்த நாற்காலியில உட்காருவதைப் பொறுத்துக்க முடியாம எழுதித் தள்ளின. பதில் சொல்ல நம்ம ஆட்களுக்கு இங்கிலீஷில் ஒரு பத்திரிகை கூட இல்ல.

திருவல்லிக்கேணியில ஒரு இலக்கியச் சங்கம் இருந்தது. சாயங்காலம் கூடிப் பேசற பசங்க. அதுல ஆறு பேர். ரெண்டு பேர் வாத்தியார்கள்: சுப்பிரமணிய ஐயருக்கு வயசு 23, மு.வீரராகவாச்சாரியாருக்கு 21. மீதி நாலு பேர் சட்டம் படிக்கிற மாணவர்கள்: டி.டி.ரங்காச்சாரியார், பி.வி.ரங்காச்சாரியார், கேசவ ராவ் பந்த், சுப்பா ராவ் பந்துலு. நாமே ஒரு பேப்பர் போட்டா என்னன்னு பேச்சு வந்தது. கையில காசு இல்ல. ஒரு ரூபாய் பன்னிரண்டணா கடன் வாங்கினார்கள். அதாவது ஒன்றே முக்கால் ரூபாய். கறுப்பர் நகரத்துல, தங்கசாலைத் தெருவில் இருந்த ஸ்ரீநிதி அச்சுக்கூடத்தில் 80 பிரதி அடித்தார்கள். எட்டுப் பக்கம், விலை நாலணா. 1878 செப்டம்பர் 20-ம் தேதி 'தி இந்து' வார இதழா பிறந்தது இப்படித்தான்.

80 பிரதி. இன்னிக்கு ஒரு வாட்ஸ்அப் குரூப்ல இருக்கிற ஆட்களே அதைவிட அதிகம். ஆனா அந்த 80 யார் கைக்குப் போச்சுங்கிறதுதான் விஷயம். வக்கீல்கள், வாத்தியார்கள், தாசில்தார்கள். அதோட, வெள்ளைக்கார அதிகாரிகள். எழுதினது அவர்கள் மொழியிலேயே இருந்ததால, புரியலன்னு சொல்ல முடியாது.

சட்டம் படிச்ச நாலு பேரும் கொஞ்ச நாள்ல வக்கீல் தொழிலுக்குப் போய்விட்டார்கள். வாத்தியார் ரெண்டு பேரும் நின்றார்கள். ஐயர் ஆசிரியர், வீரராகவாச்சாரியார் நிர்வாகம். 1879-ல ஐயர் திருவல்லிக்கேணியில ஒரு பள்ளிக்கூடத்துக்குத் தலைமையாசிரியர் ஆனார். பகலில் பள்ளிக்கூடம், மிச்ச நேரமெல்லாம் பத்திரிகை. 1883-ல வாரம் மூன்று முறை, மவுண்ட் ரோட்டில் சொந்த அச்சகம். 1889 ஏப்ரல் 1 முதல் தினசரி. அவர் பேனாவை மைக்கூட்டுல முக்கல, மிளகாய்ச் சாந்துல முக்கறார்னு அந்தக் காலத்துல ஒரு பேச்சு உண்டாம். படிச்சவங்களுக்கு எரிஞ்சிருக்கு, அதனால வந்த பேச்சு.

எதை எழுதினார்? ஒரு உதாரணம் சொல்றேன். 1882-ல சேலத்துல இந்து முஸ்லிம் கலவரம். அதைத் தூண்டிவிட்டார்னு நகராட்சி உறுப்பினரா இருந்த வக்கீல் சி.விஜயராகவாச்சாரியாரைப் பிடித்து, நாடு கடத்தும் தண்டனை கொடுத்துவிட்டார்கள். சாட்சிகள் மேல சந்தேகம் இருந்தும் சர்க்கார் பின்வாங்கல. 'இந்து' அந்த வழக்கை விடாம பிடித்துக்கொண்டது. ஹைகோர்ட்டில் மேல்முறையீட்டில் அவர் விடுதலையானார். பிறகு காங்கிரஸ் தலைவராகவே ஆனார். அன்றைய கவர்னர் கிராண்ட் டஃப் மேல் 'இந்து' வைத்த விமர்சனம் அவர் பதவிக்காலம் முழுக்க ஓயல. ஒரு அரசாங்கத்தைப் பெயர் சொல்லி, வழக்கைச் சொல்லி, அதிகாரியைச் சொல்லிக் கேள்வி கேட்கலாம்னு சென்னை மாகாணத்துக்குப் பழக்கிவிட்டது இந்தப் பத்திரிகை.

எழுதினா மட்டும் போதாதுன்னு 1884-ல சென்னை மகாஜன சபை ஆரம்பிச்சவர்களில் அவரும் ஒருவர். அடுத்த வருஷம் டிசம்பர் 28, பம்பாயில் காங்கிரஸின் முதல் மாநாடு. புனேவில் நடக்க வேண்டியது, அங்கே காலரா வந்ததால பம்பாய்க்கு மாத்தினாங்க. 72 பிரதிநிதிகள். அந்தக் கட்சியின் வரலாற்றில் முதல் தீர்மானம்னு ஒன்று இருக்கணும் இல்லையா? இந்தியாவை ஆள்கிற முறையைப் பற்றி விசாரிக்க ஒரு ராயல் கமிஷன் வேணும் என்கிற அந்தத் தீர்மானத்தைக் கொண்டுவந்தது திருவையாறு ஐயர்தான். அப்போ அவருக்கு வயசு 30.

சரி, இங்கிலீஷ்ல எழுதியாச்சு. ஆனா நிலவரி கட்டுறவன் யாரு? இங்கிலீஷ் தெரியாத விவசாயி. இது அவருக்கு ரொம்ப சீக்கிரமே புரிஞ்சிருக்கு. 1882-லேயே 'சுதேசமித்திரன்' என்கிற தமிழ் வார இதழைத் தொடங்கிவிட்டார். என்னைக் கேட்டா, 'இந்து'வை ஆரம்பிச்சதைவிட இதுதான் பெரிய காரியம். பட்ஜெட், ராணுவச் செலவு, சட்டசபை, வரி விகிதம்... இதையெல்லாம் தமிழ்ல எழுதி யாருக்கும் பழக்கம் இல்ல. ஒவ்வொரு சொல்லையும் தேடணும், இல்லன்னா உண்டாக்கணும். பின்னாளில் பாரதியே மெம்பர் என்கிற ஒரு சொல்லுக்குத் தமிழ் தேடித் தேடி அலுத்துப்போய், மெம்பர்னே எழுதிவிட்டார்னா பார்த்துக்கோங்க. சுதேசமித்திரன் தமிழ் இன்னிக்குப் படிக்கக் கொஞ்சம் கரடுமுரடாத்தான் இருக்கும், சம்ஸ்கிருதம் தூக்கலா இருக்கும். ஆனா முதல்ல பாதை போடறவன் கல்லும் முள்ளுமாத்தான் போடுவான். 1899-ல அது தினசரி ஆனது.

வீட்டுக்குள்ள ஒரு தலையங்கம்

இவர் வாழ்க்கையில எனக்கு ரொம்பப் பிடிச்ச இடம் அரசியல் இல்ல. அவருடைய மூத்த மகள் சிவப்பிரியம்மாள்.

குழந்தைக் கல்யாணம் சர்வசாதாரணமா நடந்த காலம். சிவப்பிரியம்மாளுக்கும் அப்படித்தான் நடந்தது. சிறுமியா இருக்கும்போதே கணவன் இறந்துட்டான். அந்தக் காலத்து பிராமணக் குடும்பத்துல விதவைன்னா என்ன அர்த்தம்னு நம்ம பாட்டிகளுக்குத் தெரியும்: தலை மழிக்கணும், நகை கிடையாது, நல்ல துணி கிடையாது, விசேஷத்துல முன்னால வரக் கூடாது. வாழ்நாள் முழுக்க. சட்டம் என்னவோ 1856-லேயே விதவைத் திருமணம் செல்லும்னு சொல்லிவிட்டது. ஆனா சட்டத்தை யாரு மதிச்சா?

ஐயர் விதவைத் திருமணத்தை ஆதரிச்சு எழுதிக்கிட்டிருந்தவர். எழுதறவங்க நிறைய பேர் அப்பவும் இருந்தாங்க, மேடையில பேசறவங்களும் இருந்தாங்க. தன் வீட்டுப் பொண்ணுன்னு வரும்போது வாயை மூடிக்கிட்டவங்கதான் ஜாஸ்தி. இவர் 1889-ல, காங்கிரஸ் மாநாட்டுக்காக பம்பாய் போன சமயத்துல, அங்கேயே மகளுக்கு மறுமணம் செய்து வைத்தார். சென்னையில நடத்தலன்னு சிலர் குறை சொல்லலாம். சென்னையில அந்தக் கல்யாணத்தை நடத்தி வைக்க ஒரு புரோகிதரைத் தேடிப் பிடிக்கிறதே பெரும்பாடா இருந்திருக்கும்னு நினைக்கிறேன்.

சொந்தக்காரர்கள் விலக்கி வைத்தார்கள். சாதிக்காரர்கள் வீட்டு வாசலில் கால் வைக்கல. வெள்ளைக்கார அரசை எதிர்க்கும்போது கை தட்டின பல பேர் இதுல ஒதுங்கிக்கிட்டாங்க. அதுக்கப்புறமும் அவர் அடங்கல. பெண்களின் திருமண வயதை ஒட்டிய 1891 சம்மத வயதுச் சட்டத்தையும் ஆதரித்தார். பத்திரிகையின் சந்தாதாரர்களில் பாதிப்பேர் முகம் சுளித்திருப்பார்கள். பங்காளியான வீரராகவாச்சாரியாருக்கு இந்த வேகம் ஒத்து வரல. பணக் கஷ்டமும் சேர்ந்துகொண்டது. 1898-ல ரெண்டு பேரும் பிரிந்தார்கள். 20 வருஷம் வளர்த்த 'இந்து'வை அவர் கையில் கொடுத்துவிட்டு, சுதேசமித்திரனை மட்டும் எடுத்துக்கொண்டு வெளியே வந்தார் ஐயர். 1905-ல 'இந்து'வை கஸ்தூரிரங்க ஐயங்கார் 75,000 ரூபாய்க்கு வாங்கினார். ஒன்றே முக்கால் ரூபாய்க் கடன் எங்கே வந்து நின்னிருக்கு பாருங்க. அந்த விற்பனை நடந்தபோது ஐயர் அங்கே இல்ல.

அதுக்கு முந்தின வருஷம், 1897-ல, லண்டன் போய் வெல்பி கமிஷன் முன்னால சாட்சி சொல்லிட்டு வந்திருந்தார். இந்தியாவின் பணம் எப்படிச் செலவாகுதுன்னு விசாரிச்ச கமிஷன் அது. கோகலே, வாச்சா, சுரேந்திரநாத் பானர்ஜி, நம்ம ஐயர்னு நாலு பேர் இந்தியாவிலிருந்து போனார்கள். அவருக்குப் பொருளாதாரம்னா தனி ஈடுபாடு. இந்தியா ஏன் ஏழையா இருக்குங்கிற கேள்வியை அவர் விடவே இல்ல. 1903-ல அதைப் பத்தி இங்கிலீஷில் ஒரு புத்தகமே போட்டார்.

மதுரையிலிருந்து ஒரு மீசைக்காரப் பையன்

1904. மதுரை சேதுபதி உயர்நிலைப் பள்ளியில் தற்காலிகத் தமிழ் வாத்தியாரா ஒரு 21 வயசுப் பையன் வேலை பார்த்துக்கிட்டிருந்தான். பேரு சுப்பிரமணிய பாரதி. அவனை சுதேசமித்திரனுக்கு உதவி ஆசிரியரா கூட்டிட்டு வந்தார் ஐயர். வாத்தியாரை வாத்தியார் கண்டுபிடிச்ச கதை.

வேலை என்னன்னா, இங்கிலீஷில் வர்ற தந்திச் செய்திகளையும் தலைவர்களின் பேச்சுகளையும் தமிழாக்கறது. போரடிக்கிற வேலைன்னு தோணும். ஆனா பாரதியோட உரைநடை கூர்மையானதுல அந்த மொழிபெயர்ப்பு மேஜைக்குப் பெரிய பங்கு இருக்கு. தினமும் டெட்லைன். ரஷ்யாவை ஜப்பான் தோற்கடிக்குது, வங்காளத்தைக் கர்சன் ரெண்டா வெட்டறார்... இதையெல்லாம் சாயங்காலத்துக்குள்ள எளிய தமிழ்ல எழுதி அச்சுக்கோப்பவர் கையில கொடுக்கணும்.

ரெண்டு பேருக்கும் எல்லாம் ஒத்துப்போகல. பாரதிக்கு வேகம் ஜாஸ்தி, தலையங்கத்துல தான் நினைச்சதை எழுத முடியலங்கிற தவிப்பு. ஐயருக்குப் பத்திரிகை நடக்கணும், சட்டத்துக்குள்ளயும் நிக்கணும். 1906-ல பாரதி 'இந்தியா' வார இதழுக்குப் போனார். சண்டைன்னு சொல்ல முடியாது. ஒரே ஆபீஸ்ல ரெண்டு எடிட்டர் இருக்க முடியாது, அவ்வளவுதான்.

வேடிக்கை என்னன்னா, பாரதி போன பிறகு ஐயரே பாரதி பக்கம் நகர ஆரம்பித்தார். மனு கொடுத்து, கமிஷன் கேட்டு, லண்டனுக்குப் போய் சாட்சி சொல்லி 20 வருஷம் ஓட்டினவர், வங்கப் பிரிவினைக்கு அப்புறம் அந்த வழியில நம்பிக்கை இழந்தார். வயசு 50-ஐத் தாண்டுது. பொதுவா அந்த வயசுல ஆட்கள் மிதவாதி ஆவாங்க, இவர் தலைகீழ். திருவல்லிக்கேணி கடற்கரைக் கூட்டங்களில் சுதேசியம் பேசினார், வெளியூர்களுக்கும் போய்ப் பேசினார். சுதேசமித்திரன் சூடு ஏறிக்கிட்டே போச்சு.

1908

அந்த வருஷத்தைக் கொஞ்சம் நிதானமா பார்க்கலாம். மார்ச்சில் திருநெல்வேலியில வ.உ.சி-யையும் சுப்பிரமணிய சிவாவையும் கைது செய்தார்கள். திருநெல்வேலி கொதித்தது, துப்பாக்கிச் சூடு, உயிர்ப்பலி. ஜூனில் பத்திரிகை அச்சகங்களையே பறிமுதல் செய்ய ஒரு சட்டம் வந்தது. அதே மாசம் திலகர் கைது. ஜூலை 7-ம் தேதி நீதிபதி பின்ஹே, வ.உ.சி-க்கு ரெண்டு ஆயுள் தண்டனை, மொத்தம் 40 வருஷம்னு தீர்ப்பு எழுதினார். ஜூலை 22, திலகருக்கு ஆறு வருஷம், பர்மாவில் மாண்டலே சிறை.

எல்லாமே எழுத்துக்கும் பேச்சுக்கும் கிடைச்ச தண்டனை. இந்தியத் தண்டனைச் சட்டத்தின் 124-ஏ, ராஜதுரோகப் பிரிவு. 1870-ல சேர்த்தது. அரசின் மேல் வெறுப்பையோ அவமதிப்பையோ உண்டாக்கினா குற்றம். எது வெறுப்பு, எது விமர்சனம்னு தீர்மானிக்கிறது அரசு வக்கீலும் வெள்ளைக்கார ஜட்ஜும். (இந்தப் பிரிவு சுதந்திரத்துக்குப் பிறகும் நம்மகூடவே இருந்தது. 2022 மே மாசம் சுப்ரீம் கோர்ட் அதை நிறுத்தி வைத்தது. 2024 ஜூலை 1-ல புதுச் சட்டம் வந்தபோது அந்தப் பேரு போச்சு. அதன் இடத்துல வந்த 152-ம் பிரிவு பழசைவிட லேசானதா, கடுமையானதாங்கிற விவாதம் இன்னும் ஓடிட்டிருக்கு.)

ஆகஸ்ட்டில் சென்னைப் பத்திரிகைகள் முறை. 'இந்தியா' இதழின் பதிவு பெற்ற ஆசிரியரா இருந்த மு.சீனிவாசனைக் கைது செய்தார்கள். எழுதினது பெரும்பாலும் பாரதி, காகிதத்துல பேரு சீனிவாசன். அவருக்கு அஞ்சு வருஷம். நண்பர்கள் வற்புறுத்த, பாரதி ரயிலேறி பிரெஞ்சுக்காரர்கள் கையிலிருந்த பாண்டிச்சேரிக்குப் போய்விட்டார்.

ஐயர் அப்போ சென்னையில இல்ல. உடம்பு சரியில்லாம குற்றாலத்துல இருந்தார். தோல் நோய், உடம்பெல்லாம் புண். தொழுநோய்னே பலரும் எழுதியிருக்காங்க. அருவித் தண்ணி பட்டா கொஞ்சம் தேவலாம்னு போயிருந்த மனுஷனைத் தேடி போலீஸ் அங்கேயே போனது. சுதேசமித்திரனில் வந்த எழுத்துக்காக ராஜதுரோக வழக்கு. 53 வயசு, புண்ணான உடம்பு, எதிரே வ.உ.சி-க்குக் கிடைச்ச 40 வருஷம்.

அவர் உறுதிமொழி எழுதிக் கொடுத்தார். இனி அப்படி எழுத மாட்டேன், நன்னடத்தையோடு இருப்பேன்னு. அரசு வழக்கைக் கைவிட்டது.

இந்த இடத்தைத் தாண்டிப் போறது சுலபம். பல வாழ்க்கை வரலாறுகள்ல ஒரே வரியில முடிச்சுடுவாங்க, சில இடத்துல அந்த வரி கூட இருக்காது. எனக்கு அது சரின்னு தோணல. அன்னிக்கே அவரைக் கோழைன்னு நினைச்ச இளைஞர்கள் இருந்திருப்பாங்க. வ.உ.சி கோவைச் சிறையில செக்கு இழுத்துக்கிட்டிருக்கும்போது, இவர் கையெழுத்துப் போட்டுட்டு வீட்டுக்கு வந்தார். இது உண்மை. வ.உ.சி-யோட தியாகத்துக்கு முன்னால இதை வச்சா சின்னதாத்தான் தெரியும்.

ஆனா இன்னொண்ணும் உண்மை. அந்த நோயோட, அந்தக் காலத்து சிறையில, அவர் சில மாசம் தாங்கியிருப்பாரான்னு தெரியாது. சுதேசமித்திரன் நின்னு போயிருந்தா, தமிழ்ல தினசரி அரசியல் செய்தி படிக்க வேற இடமும் கிடையாது. குடும்பம், நண்பர்கள் எல்லாரும் சுத்தி நின்னு கெஞ்சியிருப்பாங்க. 30 வருஷம் வளையாத ஒரு கை, ஒரு காகிதத்துல வளைஞ்சது. சிங்கம் மாதிரி கர்ஜிச்சவர்னு மட்டும் எழுதி முடிச்சா அந்த மனுஷனை நாம பாதிதான் பார்த்திருப்போம். ட்விட்டர்ல ஒரு போஸ்ட்டை டெலிட் பண்ணச் சொல்லி வீட்டுல அம்மா அழுத அனுபவம் இருக்கிறவங்களுக்கு இது கொஞ்சம் புரியும்.

அதுக்கப்புறம் சுதேசமித்திரன் சூடு குறைஞ்சுது. 1910-ல இன்னும் கடுமையான பத்திரிகைச் சட்டம் வந்தது. அச்சகம் வைக்கணும்னா முன்பணம் கட்டணும், பிடிக்காததை அச்சடிச்சா அந்தப் பணம் போச்சு. பல பத்திரிகைகள் சத்தமில்லாம மூடிட்டுப் போயின. சுதேசமித்திரன் மூடல. நோயும் விடல. 1915-ல பத்திரிகையை ஏ.ரங்கசாமி ஐயங்கார் கையில ஒப்படைத்தார்.

அதே 1915-ல, தென்னாப்பிரிக்காவிலிருந்து திரும்பின காந்தி சென்னைக்கு வந்தார். வந்தவர் சுப்பிரமணிய ஐயரைப் போய்ப் பார்த்தார். அப்போ ஐயரோட உடம்புல இருந்த புண்களிலிருந்து வடிஞ்சதை காந்தி தன் மேல்துணியாலேயே துடைத்தார்னு வழிவழியா ஒரு செய்தி சொல்லப்பட்டு வருது. காந்தி அப்போ இன்னும் மகாத்மாவா ஆகல. இந்திய அரசியல்ல அவருக்குன்னு ஒரு இடமும் இல்ல. காங்கிரஸின் முதல் தீர்மானத்தைக் கொண்டுவந்தவர் படுக்கையில. அதே காங்கிரஸைக் கொஞ்ச வருஷத்துல தலைகீழா மாத்தப் போறவர் பக்கத்துல.

1916 ஏப்ரல் 18-ம் தேதி ஐயர் காலமானார். வயசு 61. ஹோம் ரூல் இயக்கம் அந்த வருஷம்தான் சூடு பிடிச்சது.

பாண்டிச்சேரியில 10 வருஷம் இருந்துட்டு, 1918 கடைசியில வெளியே வந்த பாரதி கடலூர்ல கைதாகி விடுதலையானார். கொஞ்ச காலம் கடையத்தில் இருந்தார். 1920-ல மறுபடி சென்னைக்கு வந்து பழைய சுதேசமித்திரன் ஆபீசுக்கே உதவி ஆசிரியரா வேலைக்குப் போனார். 16 வருஷத்துக்கு முன்னால மதுரையிலிருந்து வந்து உட்கார்ந்த அதே பத்திரிகை, அதே மாதிரி வேலை. கூட்டிட்டு வந்தவர் மட்டும் இல்ல. 1921 செப்டம்பரில் இறக்கும் வரைக்கும் பாரதி அங்கேதான் எழுதிக்கிட்டிருந்தார்.